இரவல் போன ஊழியரை யார் தண்டிக்கலாம்?

பணிச் சட்டம்: வாசகர் கேள்வி – பதில்

இம்முறை வந்த கடிதங்களில் பாதிக்கு மேற்பட்டவை, சொல்லிவைத்தாற்போல, டெபுடேஷனில் இருக்கும் அரசு ஊழியர்கள் மீதான ஒழுங்கு நடவடிக்கையைப் பற்றியவை. ஆகவே மற்றக் கேள்விகளை அடுத்த இதழுக்குத் தள்ளிவைத்துவிட்டு இவற்றை மட்டும் எடுத்துக்கொள்கிறேன். அரசாணைகளில் அயற்பணி என்றும் அலுவலகப் பேச்சில் டெபுடேஷன் என்றும் வழங்கும் இந்த ஏற்பாட்டில், ஊழியரை அனுப்பிய துறையைத் தாய்த் துறை என்றும், அவரைப் பெற்றுக்கொண்ட அமைப்பை அயல் நிறுவனம் என்றும் கீழே குறிப்பிட்டிருக்கிறேன். கடிதம் எழுதிய பெரும்பாலோர் மத்திய அரசு ஊழியர்கள் என்பதால், பதில்கள் 1965-ஆம் ஆண்டின் மத்தியக் குடிமைப் பணிகள் (வகைப்படுத்தல், கட்டுப்பாடு, மேல்முறையீடு) விதிகளைத் தழுவியவை. மாநில அரசு ஊழியர்களுக்கு அவரவர் மாநிலத்தின் ஒழுங்கு மற்றும் மேல்முறையீட்டு விதிகள் உண்டு. விதி எண்களை அப்படியே அங்கே பொருத்திப் பார்க்க வேண்டாம்.

கேள்வி: மத்திய அரசுத் துறை ஒன்றில் கணக்கு அலுவலராக இருந்த நான், மூன்றாண்டு டெபுடேஷனில் ஒரு பொதுத்துறை நிறுவனத்துக்கு வந்தேன். இரண்டாம் ஆண்டில், ஒரு கொள்முதல் கோப்பில் நான் எழுதிய குறிப்பு தவறானது என்று சொல்லி, நிறுவனத்தின் பொது மேலாளர் என்னைப் பணியிடை நீக்கம் செய்துவிட்டார். வெள்ளிக்கிழமை மாலை ஐந்தரை மணிக்கு ஆணை கையில் கிடைத்தது. திங்கட்கிழமை தாய்த் துறைக்குத் தொலைபேசியில் பேசியபோது, நான் சொல்லித்தான் அவர்களுக்கு விஷயமே தெரிந்தது. என்னை நியமிக்காத ஒருவர் என்னை இடைநீக்கம் செய்ய முடியுமா?

பதில்: முடியும். நீங்கள் எதிர்பார்த்த பதில் இதுவல்ல என்பது தெரிகிறது. ஆனால் இதில் கவனிக்கவேண்டிய நிபந்தனைகள் சில இருக்கின்றன, அவற்றுக்குள்தான் உங்கள் வழக்கும் இருக்கிறது.

ஒருவரை நியமிக்கும் அதிகாரம் படைத்தவரே அவரை இடைநீக்கம் செய்யவும் அதிகாரம் உடையவர் என்பதுதான் பொதுவான நெறி, ஆர்.பி. கபூர் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1964-ல் இதை விளக்கியிருக்கிறது. ஆனால் அயற்பணிக்கு மட்டும் 1965-ஆம் ஆண்டு விதிகள் தனி வழி வகுத்திருக்கின்றன. ஓர் ஊழியரின் பணி வேறொரு துறைக்கோ, மாநில அரசுக்கோ, உள்ளாட்சி அமைப்புக்கோ, பிற அதிகார அமைப்புக்கோ இரவலாகக் கொடுக்கப்பட்டிருக்கும்போது, அவரை இடைநீக்கம் செய்யும் நோக்கத்துக்கு மட்டும் நியமன அதிகாரிக்குரிய அதிகாரமும், ஒழுங்கு நடவடிக்கையை நடத்தும் நோக்கத்துக்கு மட்டும் ஒழுங்கு அதிகாரிக்குரிய அதிகாரமும் அயல் நிறுவனத்துக்கு உண்டு என்று விதி 20-இன் முதல் உட்பிரிவு சொல்கிறது. அரசின் கட்டுப்பாட்டில் உள்ள நிறுவனங்களையும் 'பிற அதிகார அமைப்பு' என்ற சொல்லுக்குள் அடக்கிப் பார்ப்பதே நிர்வாக நடைமுறை. உங்கள் அயற்பணி ஆணையோடு இணைத்துத் தரப்பட்ட நிபந்தனைத் தாளிலும் இதைப் பற்றி ஒரு பத்தி இருக்கக்கூடும். பலர் அந்தத் தாளைச் சம்பள விவரம் பார்ப்பதற்காக ஒருமுறை புரட்டுவதோடு சரி. இப்போது எடுத்து முழுவதையும் படியுங்கள்.

இனி நிபந்தனைகளுக்கு வருவோம். முதலாவது, அதிகாரம் அயல் நிறுவனத்துக்குத் தரப்பட்டிருக்கிறதே தவிர, அங்கே உங்களுக்கு மேலே உட்கார்ந்திருக்கும் எவருக்கும் தரப்படவில்லை. உங்கள் நிலையில் உள்ள ஓர் அலுவலரை அந்த நிறுவனத்தில் நியமிக்கவும் இடைநீக்கம் செய்யவும் யாருக்கு அதிகாரம் இருக்கிறது என்பதை அந்த நிறுவனத்தின் அதிகார ஒப்படைப்புப் பட்டியல்தான் சொல்லும். அது மேலாண்மை இயக்குநராக இருந்து, ஆணையில் கையொப்பமிட்டவர் பொது மேலாளராக இருந்தால், அந்த ஆணை அடித்தளம் இல்லாத கட்டடம். 'உரிய அதிகாரியின் ஒப்புதலுடன்' என்ற வரி ஆணையில் இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால் அந்த ஒப்புதல் எந்த நாளில், யாரால் தரப்பட்டது என்பதை எழுத்தில் கேளுங்கள்.

இரண்டாவது, இடைநீக்கத்துக்கு இட்டுச்சென்ற சூழ்நிலைகளை அயல் நிறுவனம் தாய்த் துறைக்கு உடனே தெரிவிக்க வேண்டும். விதியில் உள்ள 'உடனே' என்ற சொல்லுக்கு இத்தனை நாள் என்று கணக்கு இல்லை. தெரிவிக்கவில்லை என்ற ஒரே காரணத்தால் ஆணை தானாகவே செல்லாமல் போய்விடும் என்று நான் உங்களுக்கு நம்பிக்கை கொடுக்க மாட்டேன். ஆனால் இடைநீக்க ஆணையின் அடியில் 'நகல்' என்ற தலைப்பின் கீழ் யார் யார் பெயர் இருக்கிறது என்று பாருங்கள்: சம்பளப் பிரிவு, பாதுகாப்புப் பிரிவு, ஆள்சார் கோப்பு எல்லாம் இருந்து தாய்த் துறை மட்டும் இல்லையென்றால், ஆணை பிறப்பித்தவர்கள் விதி 20-ஐத் திறந்தே பார்க்கவில்லை என்று பொருள். அப்படிப்பட்டவர்கள் பின்னால் வரும் படிகளிலும் வழுக்குவார்கள் என்பது என் அனுபவம். ஆகவே இன்றைக்கே, ஆணையின் நகலை இணைத்து, தாய்த் துறைக்கு நீங்களே விரைவு அஞ்சலில் எழுதிவிடுங்கள். தொலைபேசியில் சொன்னது கோப்பில் ஏறாது.

மூன்றாவதுதான் பலருக்குக் கைகொடுத்திருப்பது. விதி 10-இன் ஆறாம், ஏழாம் உட்பிரிவுகளின்படி, இடைநீக்கம் நடைமுறைக்கு வந்த நாளிலிருந்து 90 நாள்கள் முடிவதற்குள் அது மறுஆய்வு செய்யப்பட்டு நீட்டிக்கப்பட வேண்டும். நீட்டிப்பும் ஒரு முறைக்கு 180 நாள்களைத் தாண்டக் கூடாது. மார்ச் 1 அன்று நடைமுறைக்கு வந்த இடைநீக்கத்தை மே 29-க்குள் மறுஆய்வு செய்யாமல் விட்டால், அது செல்லுபடியாகாமல் போகும். ஜூனில் போட்ட நீட்டிப்பு ஆணை அதற்கு மறுபடி உயிர் கொடுக்காது. தீபக் மாலி வழக்கில் உச்ச நீதிமன்றம் இதை ஐயத்துக்கு இடமில்லாமல் சொல்லியிருக்கிறது. தவிர, மூன்று மாதத்துக்குள் குற்றச்சாட்டுக் குறிப்பாணை (சார்ஜ் மெமோ) வழங்கப்படாவிட்டால் இடைநீக்கம் அதற்கு மேல் நீளக்கூடாது என்று அஜய் குமார் சௌத்ரி வழக்கில் 2015-ல் அதே நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அயற்பணியில் இந்த 90 நாள் தவறிப்போவதற்கு வாய்ப்பு மிகுதி. மறுஆய்வு தாய்த் துறையின் வேலை என்று அயல் நிறுவனமும், இடைநீக்கம் செய்தவர்களே பார்த்துக்கொள்ளட்டும் என்று தாய்த் துறையும் இருந்துவிடுவதுதான் காரணம். நாள்காட்டியில் அந்தத் தேதியைச் சுற்றி வட்டம் போட்டுவைத்துக்கொள்ளுங்கள்.

இடைநீக்கக் காலத்தில் கிடைக்கும் பிழைப்பூதியம் பற்றியும் கேட்டிருந்தீர்கள். அடிப்படை விதி 53-இன்படி முதல் மூன்று மாதங்களுக்கு அரைச் சம்பள விடுப்பு ஊதியத்துக்கு ஈடான தொகையும் அதற்குரிய அகவிலைப்படியும் கிடைக்கும். காலதாமதத்துக்கு நீங்கள் காரணமில்லை என்றால் அதற்குப் பிறகு அந்தத் தொகையில் 50 விழுக்காடு வரை உயர்த்தலாம். வேறு வேலை எதிலும் இல்லை என்ற சான்றை மாதந்தோறும் மறக்காமல் கொடுத்துவாருங்கள். அது இல்லாவிட்டால் பணம் நிற்கும்.

கேள்வி: நான் சுருக்கெழுத்தர். தன்னாட்சி அமைப்பு ஒன்றில் அயற்பணியில் இருந்தபோது, வருகைப் பதிவில் நேர்ந்த ஒரு குழப்பத்துக்காக எனக்கு ஓராண்டு ஊதிய உயர்வு நிறுத்தம் என்று தண்டனை கொடுத்துவிட்டார்கள். 'தாய்த் துறையைக் கலந்தாலோசித்து' என்று ஆணையில் எழுதியிருக்கிறது. விசாரித்ததில், தண்டனை ஆணையின் நகலைத் தாய்த் துறைக்கு அனுப்பியதைத்தான் அப்படிச் சொல்கிறார்கள் என்று தெரிகிறது. இது போதுமா?

பதில்: போதாது, அம்மா. ஊதிய உயர்வு நிறுத்தம் விதி 11-இல் நான்காவதாக வரும் சிறு தண்டனை. அதற்கு முன்னால் கண்டனம், பதவி உயர்வு நிறுத்தம், கவனக்குறைவால் அரசுக்கு நேர்ந்த இழப்பைச் சம்பளத்திலிருந்து பிடித்தம் செய்தல் முதலியவை வருகின்றன. இந்தச் சிறு தண்டனைகளை அயல் நிறுவனமே விதிக்கலாம் என்று விதி 20 அனுமதிக்கிறது. ஆனால் தாய்த் துறையைக் கலந்தாலோசித்த பிறகுதான் விதிக்கலாம். கருத்து வேறுபாடு எழுந்தால் அயல் நிறுவனத்துக்கு வேறு வழியே இல்லை: ஊழியரின் பணியைத் தாய்த் துறையிடம் திருப்பி ஒப்படைத்துவிட வேண்டும்.

கருத்து வேறுபாட்டைப் பற்றிய இந்த வாக்கியத்திலிருந்துதான், கலந்தாலோசிக்க வேண்டும் என்ற முந்தைய வாக்கியத்தின் பொருள் விளங்குகிறது. கருத்து வேறுபடுவதற்கு வாய்ப்பு இருக்க வேண்டுமென்றால், தாய்த் துறைக்குக் கோப்பு போகும்போது தண்டனை இன்னும் முடிவாகாமல் இருக்க வேண்டும். உங்கள் மீது சொல்லப்பட்ட குற்றச்சாட்டு, நீங்கள் கொடுத்த விளக்கம், விசாரணை நடந்திருந்தால் அதன் முடிவு, விதிக்க எண்ணியிருக்கும் தண்டனை ஆகிய நான்கும் தாய்த் துறையின் மேசைக்குப் போய், அங்கிருந்து ஒரு கருத்து எழுத்தில் திரும்பி வந்து, அதைப் படித்துப் பார்த்த பிறகு ஆணை பிறந்திருந்தால்தான் அது கலந்தாலோசனை. ஆணை பிறந்த பிறகு நகல் போனால் அது வெறும் தகவல். மாவட்ட நீதிபதி நியமனம் தொடர்பாகப் பாட்னா உயர் நீதிமன்றத்தைப் பற்றி எழுந்த சந்திரமௌலேசுவர் பிரசாத் வழக்கில், இரு தரப்பும் தத்தம் கருத்தை ஒருவருக்கொருவர் தெரிவித்து அவற்றின் தகுதியை ஆராயும் வரை கலந்தாலோசனை நிறைவடைந்ததாகாது என்ற பொருளில் உச்ச நீதிமன்றம் சொன்னது. வழக்கு வேறு என்றாலும், சட்டத்தில் அந்தச் சொல் வரும் இடங்களில் எல்லாம் இந்த விளக்கம் எடுத்துக்காட்டப்படுகிறது.

நான் பணியாளர் பிரிவில் இருந்த நாளில் இப்படி ஒரு கோப்பு என் மேசைக்கு வந்தது. அயற்பணி முடித்துத் திரும்பிய ஓர் உதவியாளரின் பணிப் பதிவேட்டில், அயல் நிறுவனம் போட்ட ஊதிய உயர்வு நிறுத்தத்தைச் சிவப்பு மையில் ஏற்றியிருந்தார்கள். ஆணையின் தேதி ஒரு மாதத்தின் 4-ஆம் நாள். 'தங்கள் மேலான கருத்தை வேண்டுகிறோம்' என்று எங்களுக்கு எழுதப்பட்ட கடிதத்தின் தேதி அதே மாதம் 19. கருத்துக் கேட்பதற்குப் பதினைந்து நாள் முன்னதாகவே தண்டனை பிறந்திருந்தது. அந்த இரண்டு தாள்களையும் அருகருகே வைத்துக் குறிப்பெழுதியதைத் தவிர நான் வேறொன்றும் செய்யவில்லை. பதிவேட்டில் இருந்த சிவப்பு வரி அடிக்கப்பட்டது. உங்கள் வழக்கிலும் முதலில் அந்த இரண்டு தேதிகளைக் கண்டுபிடியுங்கள். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் உங்கள் கோப்பின் கடிதப் போக்குவரத்தை நீங்களே கேட்டுப் பெறலாம்.

மேல்முறையீட்டுக்கு விதி 25 தரும் காலம், ஆணையின் நகல் உங்கள் கைக்கு வந்த நாளிலிருந்து 45 நாள்கள். தகவல் கிடைக்கும் வரை காத்திருந்து அந்தக் கெடுவைத் தவறவிட வேண்டாம். கலந்தாலோசனை நடக்கவில்லை என்பதை முதல் காரணமாக எழுதி மேல்முறையீட்டைப் போட்டுவிடுங்கள், ஆவணங்களைப் பின்னால் சேர்க்கலாம். நகல் ஒன்று தாய்த் துறைக்கும் போகட்டும், ஏனென்றால் உங்கள் பணிப் பதிவேட்டில் எதை ஏற்றுவது என்பது கடைசியில் அவர்கள் கையில்தான் இருக்கிறது.

கேள்வி: என் கணவர் மத்திய அரசுத் துறை ஒன்றில் இளநிலைப் பொறியாளர். உள்ளாட்சி அமைப்பு ஒன்றில் டெபுடேஷனில் இருந்தபோது விசாரணை நடத்தி, அவரைப் பணிநீக்கம் செய்து அந்த அமைப்பின் ஆணையரே ஆணை பிறப்பித்துவிட்டார். தாய்த் துறைக்குப் போனால், 'நீங்கள்தான் பணிநீக்கம் செய்யப்பட்டவராயிற்றே' என்று பணியேற்க விட மறுக்கிறார்கள். இரண்டு இடத்திலும் இல்லாமல் நிற்கிறோம்.

பதில்: உங்கள் கடிதத்தில் உள்ள விவரங்கள் சரியென்றால், அந்த ஆணை சட்டத்தின் முன் நிற்காது. தாய்த் துறை அதைக் காரணம் காட்டி அவரைத் திருப்பி அனுப்புவது அதைவிடப் பெரிய தவறு.

படிநிலைக் குறைப்பு, பதவி இறக்கம், கட்டாய ஓய்வு, பணிநீக்கம், பணியறவு (டிஸ்மிஸல்) ஆகியவை பெருந்தண்டனைகள். இவற்றில் ஒன்றை விதிக்கலாம் என்று அயல் நிறுவனம் கருதினால், விதி 20 அதற்கு இரண்டே வேலைகளைத்தான் கொடுக்கிறது: ஊழியரைத் தாய்த் துறையிடம் திருப்பி ஒப்படைப்பது, விசாரணை நடவடிக்கைகளின் தாள்களை முழுமையாகத் தாய்த் துறைக்கு அனுப்புவது. தண்டனையா, விடுதலையா, மேல் விசாரணையா என்பதைத் தாய்த் துறையின் ஒழுங்கு அதிகாரிதான் முடிவு செய்ய வேண்டும். விசாரணையை நடத்தித் தாள்களைச் சேர்க்க அயல் நிறுவனத்துக்கு அதிகாரம் உண்டு. வேலையைப் பறிக்க இல்லை.

இது வெறும் துறை விதி மட்டுமல்ல. ஒன்றிய அரசின்கீழோ மாநில அரசின்கீழோ குடிமைப் பதவி வகிக்கும் ஒருவரை, அவரை நியமித்த அதிகாரிக்குக் கீழ்ப்பட்ட எந்த அதிகாரியும் பணியறவோ பணிநீக்கமோ செய்யக் கூடாது என்று அரசமைப்புச் சட்டத்தின் 311-ஆம் உறுப்பு முதல் உட்கூறிலேயே சொல்கிறது. உங்கள் கணவர் உள்ளாட்சியில் வேலை பார்த்தாலும், தாய்த் துறையில் அவருக்குப் பணியுரிமை, அதாவது தம் பதவிக்குத் திரும்பும் உரிமை, தொடர்ந்துகொண்டுதான் இருந்தது. அந்தப் பணியுரிமையோடு 311-இன் பாதுகாப்பும் அவரோடு கூடவே போனது. உள்ளாட்சியின் ஆணையர் அவரை நியமித்தவரும் அல்லர், நியமித்தவரின் வரிசையில் வருபவரும் அல்லர்.

அதற்காக விசாரணை முழுவதும் வீண் என்று நினைத்துவிட வேண்டாம். அயல் நிறுவனம் அனுப்பும் விசாரணைத் தாள்களை வைத்துக்கொண்டே தாய்த் துறை ஆணை பிறப்பிக்க விதியில் இடமிருக்கிறது. தேவையென்று கருதினால் மேல் விசாரணையும் நடத்தலாம். ஆனால் அதற்கு முன், விசாரணை அறிக்கையின் நகலை உங்கள் கணவருக்குக் கொடுத்து, அவர் 15 நாள்களுக்குள் எழுதும் முறையீட்டைப் படித்துப் பார்த்தாக வேண்டும். அறிக்கையின் நகலைக் கொடுக்காமல் தண்டிப்பது இயற்கை நீதிக்கு மாறானது என்று கருணாகர் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் அரசமைப்பு அமர்வு 1993-ல் தீர்ப்பளித்தது. விதி 15 இப்போது அதையே நடைமுறையாக்கியிருக்கிறது. அந்தச் சந்தர்ப்பம் வரும்போது, குற்றச்சாட்டுக் குறிப்பாணைக்கு உள்ளாட்சியில் யார் ஒப்புதல் அளித்தார் என்பதையும் கேளுங்கள். ஒழுங்கு நடவடிக்கை தொடங்க ஒப்புதல் பெற்றால் மட்டும் போதாது, குற்றச்சாட்டுக் குறிப்பாணைக்கும் தனியே உரிய அதிகாரியின் ஒப்புதல் வேண்டும் என்பது 2013-ல் பி.வி. கோபிநாத் வழக்கில் முடிவான விஷயம். அயற்பணி வழக்குகளில் இந்த இடம்தான் பெரும்பாலும் ஓட்டையாக இருக்கிறது.

இப்போதைக்குச் செய்ய வேண்டியது: தாய்த் துறையின் தலைவருக்கு, பணியேற்பு அறிக்கையை எழுத்தில் கொடுத்து, அதில் அலுவலக முத்திரையும் தேதியும் வாங்குங்கள். வாங்க மறுத்தால் சேர்ப்புச் சான்றுடன் விரைவு அஞ்சலில் அனுப்புங்கள். 'பணியேற்க வரவில்லை' என்று நாளை யாரும் எழுத முடியாமல் இருக்க வேண்டும். அதன் பின் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போகலாம். இதற்குப் பணிச் சட்டம் தெரிந்த வழக்கறிஞர் ஒருவர் கட்டாயம் தேவை, இந்தப் பக்கத்தின் பதிலை நம்பி நேரே போய் நிற்க வேண்டாம்.

கேள்வி: குற்றச்சாட்டு எதுவும் இல்லாமல், விசாரணையும் இல்லாமல், டெபுடேஷன் முடியப் பதினான்கு மாதம் இருக்கும்போதே என்னைத் தாய்த் துறைக்குத் திருப்பி அனுப்பிவிட்டார்கள். இது தண்டனை ஆகாதா?

பதில்: மனத்தளவில் தண்டனைதான், விதியளவில் தண்டனை அன்று. இரவலாகப் பெற்ற ஊழியரைத் திருப்பி ஒப்படைப்பதை விதி 11 தன் தண்டனைப் பட்டியலில் சேர்க்கவில்லை. மாநில அரசிடமிருந்து பெற்றவரை அப்படித் திருப்பி ஒப்படைப்பது தண்டனை ஆகாது என்று அதன் விளக்கக் குறிப்பில் வெளிப்படையாகவே சொல்லியிருக்கிறது. டெபுடேஷனில் இருப்பவரை எந்த நேரத்திலும் திருப்பி அனுப்பலாம், அங்கேயே நிலைத்துவிட அவருக்கு உரிமை இல்லை என்று குணால் நந்தா வழக்கில் 2000-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. அயல் நிறுவனங்கள் எடுத்துக்காட்டுவது எப்போதும் இந்தத் தீர்ப்பைத்தான்.

அவர்கள் எடுத்துக்காட்டாத தீர்ப்பு ஒன்றும் இருக்கிறது. 2005-ல் வி. ராமகிருஷ்ணன் வழக்கில் அதே நீதிமன்றம், காலவரம்பு குறித்து அனுப்பப்பட்டவரின் காலத்தை, தகுதியின்மை, நிறைவளிக்காத பணி போன்ற நியாயமான காரணம் இருந்தாலொழிய இடையில் வெட்டக் கூடாது என்றது. இரண்டையும் சேர்த்துப் படித்தால் கிடைப்பது இதுதான்: அங்கேயே இருப்பேன் என்று உங்களால் அடம்பிடிக்க முடியாது, ஆனால் காரணம் என்ன என்று கேட்க முடியும்.

என் கருத்தில் இதில் கவனிக்க வேண்டியது திருப்பி அனுப்பும் கடிதத்தின் நடை. 'நிர்வாகக் காரணங்களை முன்னிட்டுத் தங்கள் துறையிடம் திருப்பி ஒப்படைக்கப்படுகிறார்' என்று இருந்தால் அதோடு விட்டுவிடுவது நல்லது. பதினான்கு மாத டெபுடேஷன் படிக்காகப் பதினான்கு ஆண்டு வழக்காடிய ஒருவரை எனக்குத் தெரியும், அவர் வென்றபோது ஓய்வு பெற்றிருந்தார். ஆனால் 'நேர்மை ஐயத்துக்குரியது', 'ரகசியக் கோப்புகளைக் கசியவிட்டதாகத் தெரிகிறது' போன்ற சொற்கள் அதில் இருந்தால் கதை வேறு. விசாரணை இல்லாமல் ஒருவர் மேல் பூசிய கறை அது. அந்தக் கடிதம் உங்கள் ஆள்சார் கோப்பில் உட்கார்ந்துகொண்டு, பதவி உயர்வுக் குழு கூடும் ஒவ்வொரு முறையும் பேசும். அத்தகைய சொற்களை நீக்கவோ, உண்மையில் குற்றச்சாட்டு இருந்தால் முறையாகக் குறிப்பாணை கொடுத்து விசாரிக்கவோ வேண்டும் என்று தாய்த் துறைக்கு எழுதுங்கள். விசாரணை நடத்தச் சோம்பிய நிறுவனங்கள் இந்தக் குறுக்கு வழியில் இறங்குவதை நான் பலமுறை பார்த்திருக்கிறேன். குற்றம் செய்தவர் தப்புவதும், செய்யாதவர் கறையோடு திரும்புவதும் இதே கடிதத்தால்தான்.

கேள்வி: அயற்பணி முடிந்து தாய்த் துறைக்குத் திரும்பி ஓராண்டு ஆகிறது. அங்கே நடந்ததாகச் சொல்லப்படும் ஒரு தவறுக்காக இப்போது தாய்த் துறை எனக்குக் குறிப்பாணை கொடுக்கப்போவதாகக் கேள்விப்படுகிறேன். அங்கே நடந்ததைக் கேட்க இவர்களுக்கு என்ன அதிகாரம்?

பதில்: முழு அதிகாரம் உண்டு. நீங்கள் திரும்பிய நொடியில் அயல் நிறுவனத்தின் அதிகாரம்தான் முடிந்தது. தாய்த் துறையின் அதிகாரம் எந்நாளும் விடுபட்டதே இல்லை. கேரளத்தில் வருவாய் வாரிய உறுப்பினராக இருந்துகொண்டே இந்து அறநிலைய ஆணையராகவும் பணியாற்றிய ஐ.ஏ.எஸ். அலுவலர் கோவிந்த மேனன், ஆணையர் என்ற முறையில் தாம் சட்டப்படி தனித்த அமைப்பு என்றும், அந்தப் பொறுப்பில் செய்ததற்காக அரசு தம்மீது ஒழுங்கு நடவடிக்கை எடுக்க முடியாது என்றும் வாதாடிப் பார்த்தார். குற்றச்செயல் அரசுப் பணியின் கடமையைச் செய்யும்போதே நிகழ்ந்திருக்க வேண்டியதில்லை, அது அவருடைய நேர்மையையும் கடமைப் பற்றையும் பாதிப்பதாக இருந்தால் போதும் என்று 1967-ல் உச்ச நீதிமன்றம் அதை ஏற்க மறுத்துவிட்டது.

'கேள்விப்படுகிறேன்' என்று எழுதியிருக்கிறீர்கள். குறிப்பாணை கைக்கு வராத வரையில், உங்கள் பதவி உயர்வு பற்றிய குழுவின் முடிவை, நடவடிக்கை முடியும் வரை திறக்காமல், முத்திரையிட்ட உறையில் வைக்க முடியாது. குற்றச்சாட்டுக் குறிப்பாணை வழங்கிய பிறகுதான் நடவடிக்கை தொடங்கியதாகக் கொள்ள வேண்டும் என்பது 1991-ஆம் ஆண்டு ஜானகிராமன் வழக்கின் தீர்ப்பு. ஓய்வு நெருங்குகிறது என்றும் கடிதத்தில் ஓரிடத்தில் சொல்லியிருக்கிறீர்கள். ஓய்வுக்குப் பிறகு புதிதாக நடவடிக்கை தொடங்க 2021-ஆம் ஆண்டு ஓய்வூதிய விதிகளின் விதி 8-இன்படி குடியரசுத் தலைவரின் அனுமதி வேண்டும். தொடங்கும் நாளுக்கு முந்தைய நான்கு ஆண்டுகளுக்குள் நடந்த நிகழ்வாகவும் அது இருக்க வேண்டும்.

கேள்வி: போட்டித் தேர்வுக்குப் படிக்கிறேன். மாநிலத்திலிருந்து மத்திய அரசுக்கு டெபுடேஷனில் போகும் ஐ.ஏ.எஸ். அலுவலருக்கும் இதே விதி 20 பொருந்துமா?

பதில்: பொருந்தாது, அவர்களுக்கு 1969-ஆம் ஆண்டின் அகில இந்தியப் பணிகள் (ஒழுங்கு மற்றும் மேல்முறையீடு) விதிகள் தனியே உள்ளன. அதன் விதி 7, தவறு நடந்தபோது அலுவலர் எந்த அரசின்கீழ்ப் பணியாற்றிக்கொண்டிருந்தார் என்பதைத்தான் பார்க்கிறது: மாநில அரசின்கீழ் இருந்தால் அந்த மாநில அரசும், மத்திய அரசின்கீழ் இருந்தால் மத்திய அரசும் நடவடிக்கை தொடங்கித் தண்டிக்கலாம். அவர் இப்போது எங்கே இருக்கிறார் என்பது பொருட்டல்ல. தண்டிக்கும் அரசும் அவர் எந்த மாநிலத்தின் பணியணியை (கேடர்) சேர்ந்தவரோ அந்த அரசும் வேறுவேறாக இருந்தால், பின்னதைக் கலந்தாலோசிக்க வேண்டும். பணியறவு, பணிநீக்கம், கட்டாய ஓய்வு ஆகிய மூன்றையும் மட்டும் மத்திய அரசைத் தவிர வேறு யாரும் விதிக்க முடியாது.

கேள்வி: நான் தமிழ்நாடு அரசு ஊழியர், மத்திய அரசு அலுவலகம் ஒன்றில் டெபுடேஷனில் இருக்கிறேன். என்மேல் இங்கே நடவடிக்கை வந்தால் 17(அ), 17(ஆ) எல்லாம் பொருந்துமா, மத்திய விதிகளா?

பதில்: நீங்கள் சொல்லும் 17(அ)-வும் 17(ஆ)-வும் தமிழ்நாடு குடிமைப் பணிகள் (ஒழுங்கு மற்றும் மேல்முறையீட்டு) விதிகளில் சிறு தண்டனைக்கும் பெருந்தண்டனைக்குமான நடைமுறைகள், அவை உங்கள் தாய்த் துறை உங்கள்மேல் நடவடிக்கை எடுக்கும்போது பொருந்துபவை. மத்திய அலுவலகம் எடுத்தால், மாநில அரசு முதலியவற்றிலிருந்து இரவல் பெற்றவர்களுக்காக எழுதப்பட்ட மத்திய விதி 21 வழிகாட்டும். அதன் போக்கு விதி 20-இன் போக்கேதான்: இடைநீக்கத்தையும் நடவடிக்கைத் தொடக்கத்தையும் உங்கள் மாநிலத் துறைக்கு உடனே தெரிவிக்க வேண்டும், சிறு தண்டனையென்றால் கலந்தாலோசித்து விதிக்கலாம், பெருந்தண்டனைக்குரியது என்று கருதினால் உங்களையும் விசாரணைத் தாள்களையும் சேர்த்துத் திருப்பி அனுப்பிவிட வேண்டும். அப்படித் திருப்பி அனுப்பும்போது, மத்திய அலுவலகத்தில் நடந்த விசாரணையின் சாட்சியப் பதிவுகளில் ஒரு நகலை விடுவிப்பு நாளுக்கு முன்பாகவே கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள். ஊர் மாறிய பிறகு ஒரு தாளுக்காக ஆறு கடிதம் எழுத வேண்டியிருக்கும்.